வடுவும் வளர்ச்சியும்



நம் குடியிருப்பின் வாயிலில் நிற்கும் புங்க மரத்தை நீங்கள் அனைவரும் அறிவீர்கள். சென்ற ஆண்டு மின்கம்பிக்கு இடையூறென்று அதன் பெருங்கிளைகள் இரண்டை வெட்டினர். “இனி இது பிழைக்காது, அடியோடு எடுத்துவிடலாம்” என்று நம்முள் சிலர் கூறினோம். இன்றோ அது தழைத்து நிற்கின்றது. உறுப்பிழந்த மரம் எவ்வாறு உயிர் வாழ்கின்றது என்பதைப் பற்றியே இந்நன்னாளில் சில சொல்ல விழைகின்றோம்.

நம் உடலில் புண் உண்டானால், கெட்ட தசை நீங்கி அவ்விடத்திலேயே புதுத் தசை வளர்கின்றது. மரத்திற்கு அவ்வாய்ப்பு இல்லை. அது புண்ணைச் சுற்றி மதில் எழுப்புகின்றது. நீர் செல்லும் நுண்குழாய்களை அடைத்து, காளானுக்கு ஒவ்வாத பொருள்களை அங்கே நிரப்பி, அழுகல் உள்ளே பரவாமல் தடுக்க முயல்கின்றது. பின்னர், பட்டைக்கும் கட்டைக்கும் இடையே உள்ள வளர்படலம் விளிம்பிலிருந்து திரண்டு, ஆண்டுதோறும் சிறிது சிறிதாகப் புண்ணை மூடுகின்றது. மேலே வடு மறையலாம். உள்ளே புண் அப்படியே இருக்கும். அமெரிக்க வனத்துறை அறிஞர் அலெக்ஸ் ஷைகோ ஆயிரக்கணக்கான மரங்களை அறுத்து ஆராய்ந்து இவ்வுண்மையைத் தெளிவுறுத்தினார். 1977இல் உடனாய்வாளர் ஒருவருடன் அதனை வெளியிட்டார்.

கிளை அடிமரத்தோடு சேருமிடத்தில் கழுத்துப் போன்றதொரு புடைப்பு உண்டு. மதிலெழுப்பும் ஆற்றல் அங்கேதான் மிகுதி. அப்புடைப்புக்கு ஊறின்றி, அதற்குச் சற்று வெளியே வெட்டினால் புண் செம்மையாக மூடும். அடிமரத்தோடு மட்டமாகச் சீவினாலும், மொட்டைக் கட்டையாக நீட்டி விட்டாலும் அழுகல் எளிதிற் புகும். வெட்டுவாயில் தார் பூசுவதால் அழுகல் தடைப்படுவதில்லை.

இனி இலை. புங்கம் ஆண்டுதோறும் தன் இலையைத் தானே உதிர்க்கின்றது. உதிர்க்குமுன் இலையிலுள்ள சத்தில் ஒரு பகுதியை உள்ளே இழுத்துக்கொண்டு, காம்பின் அடியைத் தக்கை போன்ற படலத்தால் அடைத்துவிடுகின்றது. புழுவோ புயலோ திடீரென இலையைப் பறித்தால், கட்டையிலும் வேரிலும் சேர்த்து வைத்த மாவுப் பொருளைச் செலவிட்டுப் புதுத் துளிரை எழுப்புகின்றது. ஆனால் சேமிப்புக்கும் எல்லை உண்டு. ஓயாது மொட்டையடிக்கப்படும் மரம் நொடித்துப்போகும்.

பட்டையிழப்போ இன்னும் கொடிது. இலை சமைத்த உணவு உட்பட்டை வழியாகவே வேருக்கு இறங்குகின்றது. சுற்று முழுதும் உட்பட்டையை உரித்துவிட்டால் வேர் பட்டினியால் மெலியும். மரமும் பையப் பையப் பட்டுப்போகும். விளம்பரப் பலகைக்கு ஆணியடிப்பதும், இறுகக் கம்பி கட்டுவதும், அடியில் குப்பையை எரிப்பதும் இத்தகைய தீங்குகளே.

மைசூர்ச் சாலையில் கெங்கேரியைக் கடந்து சென்றால் கேதோஹள்ளிப் பெரிய ஆலமரத்தைக் காணலாம். அதன் வயது ஏறத்தாழ 400 ஆண்டு என்பர். பரப்பு ஏறத்தாழ மூன்று ஏக்கர். அதன் நடுமரம் 2000ஆம் ஆண்டையொட்டி நோயால் அழிந்தது. சென்னை அடையாற்று ஆலமரமும் 1989ஆம் ஆண்டுப் புயலில் நடுமரத்தை இழந்தது. ஆயினும் விழுதுகள் வேராகி, தூணாகி, இவ்விரு மரங்களையும் தாங்கி நிற்கின்றன. 2024 ஜூன் மாதப் பெருமழையில் கேதோஹள்ளி ஆலின் ஒரு பகுதி சாய்ந்தது. எஞ்சிய பகுதி நின்றது.

அன்பர்களே! நமக்கும் வடு உண்டு. 1991 டிசம்பரில், காவிரிப் பூசலால் எழுந்த கலவரத்தில், இந்நகரத் தமிழ்க் குடும்பங்கள் பல, வீடும் கடையும் இழந்தன. இளையோர் அதனை அறியார், மூத்தோர் மறவார். அல்சூர் ஏரிக்கரையில் அதே ஆண்டு நிறுவிய வள்ளுவர் சிலை பதினெட்டு ஆண்டுகள் மூடியே கிடந்தது. 2009 ஆகஸ்டில் அது திறக்கப்பட்டது. அதே மாதம் சென்னையில் கன்னடப் புலவர் சர்வஞ்ஞரின் சிலையும் திறக்கப்பட்டது. இழந்தவை மீளவில்லை. ஆயினும் அப்புண்ணின்மேல் இரு மொழியாரும் சேர்ந்து ஒரு வளையம் வளர்த்தனர். புண் இல்லையென்று மரம் நடிப்பதில்லை. புண்ணையே நினைந்து வளராமல் இருப்பதும் இல்லை.

இறுதியாக ஒரு வேண்டுகோள். இன்றைய விழாத் தோரணத்திற்காக அந்தப் புங்க மரத்தில் நாமே கம்பி சுற்றியிருக்கின்றோம். நாளைக் காலையிலேயே அதனை அவிழ்த்துவிடுவோமாக.