பொழுது நெய்தவர்

(நூற்றாண்டு விழா ஒன்றுகூடலில் ஆற்றிய உரை)



பாடசாலையை வளர்த்த பெரியோர்களைப் பற்றி முன்னர் பேசியவர்கள் அழகாகச் சொன்னார்கள். எங்கள் வகுப்பின் சார்பில் நாங்கள் பேச எடுத்துக்கொண்டவர், இந்த வாசற்படியை ஒருநாளும் மிதிக்காதவர். பசறைப் பக்கத்துத் தோட்டமொன்றின் தப்புக்காரர். காலத்தை நெய்த கலைஞர் என்று ஒருவரைச் சொல்லலாமானால், எங்களுக்கு அவரைத்தான் தெரியும்.

எங்களில் பாதிப்பேர் லயத்துப் பிள்ளைகள். எங்கள் வீடுகளில் கடிகாரம் இருந்ததோ இல்லையோ, தப்பு இருந்தது. விடியுமுன் மிலாறு மூட்டி, அந்தத் தணலில் தோலைக் காய்ச்சி, ஒரு கையில் நீண்ட மெல்லிய குச்சியும் மறு கையில் தடித்த கட்டைக் குச்சியுமாக அவர் அடிக்கத் தொடங்கினால், லயம் லயமாக அடுப்பு எரியும். அது பிரட்டுக்கான அடி. கல்யாணத்துக்கு வேறு அடி, திருவிழாவுக்கு வேறு அடி, கேதத்துக்கு வேறு அடி. மாசியில் காமன் ஊன்றும் நாள் முதல் காமன் எரியும் இரவு வரைக்கும் இன்னொன்று. எங்கள் பாட்டிமாருக்குத் திகதி தெரியாது. “பிரட்டுத் தப்புக்கு முந்திப் பிறந்த பிள்ளை”, “காமன் எரிஞ்ச மறுநாள் செத்த மனுசன்” என்றுதான் சொல்வார்கள். பிரட்டு அடி பாவு என்றால், பிறப்பும் இறப்பும் ஊடு. அந்தத் துணியைத்தான் நாங்கள் உடுத்தி வளர்ந்தோம்.

மலையகத்துக் கவிஞர் சி.வி. வேலுப்பிள்ளை தேயிலைத் தோட்டத்தைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதிய நெடுங்கவிதையும் விடியற்காலத் தப்பொலியோடுதான் தொடங்குகிறது. ஆனால் தப்புக்காரர் எழுப்பிய பொழுதுக்குக் கணக்கு வேறு கையில் இருந்தது. தோட்டத்தில் ஒருநாள் வேலைக்கு ‘பேர்’ என்று பெயர். கொழுந்து நிறை குறைந்தால் ‘அரைப்பேர்’. முழுநாள் மலையேறிய தாய்க்கு அரை நாள்தான் வாழ்ந்ததாக எழுதிவிடும் கணக்கு அது.

1996 மே மாதம் நினைவிருக்கிறதா? மின்சாரத் தட்டுப்பாட்டுக்காக அரசாங்கம் நாடு முழுவதும் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்தள்ளியது. ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பித் தந்தது. மீதி அரை மணித்தியாலம் 2006 ஏப்ரலில்தான் திரும்பி வந்தது. அந்த மே மாதத்தில் எங்கள் தாய்மார் கும்மிருட்டில் எழும்பினார்கள். “கடியாரத்தை கவுருமெண்டு திருப்பிப்புட்டாங்க, சேவலுக்கு யாரு சொல்றது?” என்று தப்புக்காரர் கேட்டதை லயமெல்லாம் சொல்லிச் சிரித்தது. சிரித்துக்கொண்டே அவரும் இருட்டில் தப்பைக் காய்ச்சினார்.

இனிச் சொல்லப்போவது எங்களுக்கு எளிதல்ல.

அவருடைய மகள் எங்கள் வகுப்பில் படித்தாள். கணக்கில் எங்கள் எல்லாரையும் விடக் கெட்டிக்காரி. அதே வருடம், பட்டணத்தில் ஒரு சாவு ஊர்வலம் நம் வாசலைக் கடந்தது. முன்னால் தப்படித்துக்கொண்டு வந்தவர் அவளுடைய தகப்பன். அவள் எழுந்துபோய் யன்னலைச் சாத்தினாள். எங்களில் ஒருத்தி மேசையில் விரலால் அந்த அடியைத் தட்டிக் காட்டினாள். மற்றவர்கள் சிரித்தோம். அடுத்த தவணைக்கு அவள் வரவில்லை. ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை. காரணம் எங்களுக்குத் தெரியும். அவர்கள் லயத்துக் கடைசிக் காம்பிராவில் எங்களில் யாரும் தண்ணீர் வாங்கிக் குடித்ததில்லை. பசியும் அட்டைக்கடியும் எல்லாருக்கும் ஒன்றாக இருந்த தோட்டத்திலும் சாதி தன் இடத்தை விடவில்லை. புத்தகப் பையோடு நாங்கள் அதையும் இங்கே கொண்டுவந்திருந்தோம்.

பல வருடங்களுக்குப் பின், எங்களில் இருவர் ஒரே வைத்தியசாலையில் வேலை செய்தபோது, நெஞ்சு வலியோடு ஒரு கிழவர் வார்ட்டுக்கு வந்தார். விடிய ஐந்து மணியாகுமுன் கட்டில் கம்பியில் விரல்கள் தட்டத் தொடங்கும். அந்த அடி எங்களுக்குப் புரிந்தது. நாங்கள் யார் என்று சொன்னோம். அவர் மகளைப் பற்றிக் கேட்கும்போது குரல் வரவில்லை.

“நல்லா இருக்கா தாயி. கொழும்புல. பேரப்புள்ள அழுதா போன்ல தப்படிச்சுக் காட்டச் சொல்றா. கேட்டாத்தான் தூங்குதாம்.”

யன்னலைச் சாத்தியவள் எப்போதோ திறந்துவிட்டாள். சாத்தியபடி இருந்தது நாங்கள்தான்.

குழந்தை பிறந்த நேரத்தையும் உயிர் பிரிந்த நேரத்தையும் நிமிடத் துல்லியமாக எழுதிக் கையொப்பமிடுவது எங்கள் தொழில். அந்த நேரத்தை ஊருக்குச் சொன்னது அவர் தொழில். எங்களுக்குப் பட்டமும் மரியாதையும் கிடைத்தன. அவருக்கு ஊர்வலத்தின் முன்னால் நடக்கவும் பந்தியில் ஒதுங்கி உட்காரவும்தான் கிடைத்தது.

அவர் இப்போது இல்லை. அவருடைய தோட்டத்தில் இன்று பிரட்டுக்குத் தப்பு இல்லை. தமிழ்நாட்டில் திண்டுக்கல் சக்தி கலைக்குழுப் பெண்கள் பறையைத் தாங்களே கையிலெடுத்து மேடையேற்றியிருக்கிறார்கள். நாமும் ஒன்று செய்யலாம். எந்த நாட்டில் இருந்தாலும், அடுத்த முறை ஊருக்கு வரும்போது உங்கள் தோட்டத்துத் தப்புக்காரர் வீட்டுக்குப் போங்கள். ஒவ்வொரு அடியையும் பதிவு செய்யுங்கள். அவர் பெயரையும் முழுதாக எழுதுங்கள். அந்த வீட்டில் தேநீர் வாங்கிக் குடியுங்கள்.

எங்கள் தோழிக்கு இந்த விழா அழைப்பிதழை நேரில் கொண்டுபோய்க் கொடுத்தோம். இருபத்தைந்து வருடங்களுக்கு மேல் தாமதமான மன்னிப்பையும் கேட்டோம். அவள் ஒன்றும் சொல்லவில்லை. தேநீர் ஊற்றித் தந்தாள். மகனைக் கூப்பிட்டு, “தாத்தா அடிய அடிச்சுக் காட்டு” என்றாள்.