முதற்படி தாய்மொழியே!
(தொப்பூரில் பெற்றோர்க்கு ஆற்றிய உரை)



தொப்பூர்க் கணவாயில் பாரவண்டிகள் மெல்ல ஏறுவதை இவ்வூரார் நாளும் காண்கின்றனர். ஏற்றத்தில் ஒரு சுமையே பெரிது. ஆயின், நான்கு அகவைக் குழந்தையின்மேல் இரு சுமைகளை ஏற்றுகின்றனர்: அறியாத எழுத்து ஒன்று, அறியாத மொழி மற்றொன்று.

தமிழ்க் குழந்தைக்கு இரண்டாம் சுமை இல்லை. பள்ளிக்கு வருமுன்பே மொழி அதன் செவியிலும் நாவிலும் இருக்கின்றது. எழுத்தொன்றே புதிது. ஆதலின், பட்டறிவுள்ள ஆசிரியர் அகர வரிசையைச் செவிக்கு விட்டுவிட்டு, வரைதற்கு எளிய ட, ப, ம என்பவற்றைக் கைக்குத் தருவர். இம்மூன்றும் புள்ளியும் அறிந்த அளவிலேயே படம், மடம், பட்டம், மட்டம் எனக் குழந்தை படித்துவிடும். படித்த சொல்லின் பொருளை எவரும் சொல்ல வேண்டுவதில்லை. படிப்பென்பது பொருளறிதல் என்பதை அது முதற் கிழமையிலேயே உணர்கின்றது.

பிலிப்பீன்சு நாட்டிலும் இவ்வுண்மையைக் கண்டனர். அங்கு மாருங்கோ என்னும் ஊர்ப்பெயரால் வழங்கும் முறையில், அகர வரிசையை விட்டு ம, ச, அ, இ, ஒ ஆகிய ஒலிகளை முதலிற் கற்பிக்கின்றனர். உடனே குழந்தை 'அமா' என்று படிக்கின்றது. பிலிப்பினோ மொழியில் அது தந்தையைக் குறிக்கும் சொல்!

ஆங்கிலத்திலோ 'பட்', 'புட்' என்பவற்றில் ஒரே உயிரெழுத்து இருவேறாய் ஒலிக்கின்றது. மொழியறியாக் குழந்தை உருப்போடுமேயன்றிப் படிக்காது. ஆங்கிலம் வேண்டாமென்பதன்று, முதற்படி அதுவன்று என்பதே கருத்து.

தமிழெழுத்தைக் கற்றல் இன்று மேலும் எளிது. பெரியார் 1935 முதல் தம் இதழ்களில் வழங்கிய சீர்மையை ஏற்று, 1978இல் அரசு 13 எழுத்துகளின் வடிவை ஒழுங்குபடுத்திற்று. 2006ஆம் ஆண்டுத் தமிழ் கற்றல் சட்டம் தமிழைக் கட்டாயப் பாடமாக்கிற்று. எனினும், பாடமாய் இருத்தல் வேறு. பயிற்றுமொழியாய் இருத்தல் வேறு.

சட்டத்தை மட்டும் நம்பியிருத்தலும் ஆகாது. பிலிப்பீன்சில் மூன்றாம் வகுப்புவரை தாய்மொழிவழிக் கல்வியைக் கட்டாயமாக்கிய சட்டம் 2013இல் வந்தது. 2024இல் மற்றொரு சட்டம் அக்கட்டாயத்தை நீக்கிற்று. ஏட்டில் எழுதியதை ஏட்டிலேயே அழிக்கலாம். வீட்டில் வேரூன்றியதை எவர் அழிப்பார்?

பெற்றோரே! சீருடையும் கழுத்துப் பட்டையும் கண்டு மயங்காதீர்கள். பிள்ளை ஒப்பிப்பதைக் கேட்டு மகிழுமுன், அதன் பொருள் யாதென ஒருமுறை கேளுங்கள். விடை வாராவிடின், ஏற்றத்தின் அடியிலேயே வண்டி நின்றுவிட்டதென்று அறியுங்கள். இன்றிரவே பிள்ளையை மடியிலிருத்தி, 'பட்டம்' என்று எழுதிக் காட்டுங்கள். அதைப் படித்ததும் அதன் கண் வானத்தைத் தேடும். அதுவே கல்வி!

வாழ்க தமிழ்!