29 வயதில் மாண்ட ஒரு படக்காரர்



சினிமா என்றால் லட்சக்கணக்கான பணமும், பெரிய முதலாளியும், பெயர் பெற்ற நடிகரும் வேண்டும் என்பதாகவே நாம் எண்ணிக்கொண்டிருக்கிறோம். ஒரு மனிதன் சின்ன வயதில் இறந்துபோனாலோ, "அவன் தலையில் எழுதினது அவ்வளவுதான்" என்று சொல்லிவிடுகிறோம். இந்த இரண்டு எண்ணமும் தப்பு என்பதற்கு அத்தாட்சியாக, நம்மில் அனேகர் கேள்விப்பட்டிராத ஒரு பிரெஞ்சுக்காரருடைய வாழ்க்கையைச் சொல்லப்போகிறேன். அவர் பெயர் ழான் விகோ.

அவர் 1905ல் பாரிசில் பிறந்தார். தகப்பனார் அல்மெரேதா என்ற புனைபெயரில் பத்திரிகை நடத்தியவர். அதிகாரம் எதற்கும் தலை வணங்காத கட்சிக்காரர். 1917ல், யுத்த காலத்தில், எதிரி நாட்டுப் பணம் சம்பந்தமான வழக்கில் அவரைப் பிடித்துச் சிறையில் அடைத்தார்கள். சில நாட்களில் கழுத்து நெரிபட்டுச் செத்துக் கிடந்தார். தற்கொலை என்று சொல்லப்பட்டது, நம்பாதவர்கள் பலர். பையனுக்கு அப்போது வயது 12. "துரோகி மகன்" என்று ஏசுவார்களே என்று வேறு பெயர் வைத்து அவனை வெளியூர் விடுதிப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார்கள். சொந்தப் பெயரையே மறைத்துக்கொண்டு ஒரு பிள்ளை படிக்க வேண்டுமானால், அவன் மனம் என்ன பாடு பட்டிருக்கும்?

வாலிபத்தில் க்ஷயரோகம் பிடித்தது. வைத்தியத்துக்குப் போன மலையூரில்தான் தம் மனைவியைச் சந்தித்தார். உடம்புக்காகக் கடற்கரை நகரமாகிய நீஸில் குடியேறினார்கள். மாமனார் கொடுத்த பணத்தைக் கொண்டு விகோ வாங்கியது நிலமல்ல, நகையல்ல. ஒரு பழைய காமிரா! போரிஸ் காஃப்மன் என்ற தோழரைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்து, காமிராவை மறைத்து, கடற்கரைச் சாலையிலே தள்ளிக்கொண்டு போய்ப் படம் பிடித்தார்கள். 1930ல் வெளிவந்த அந்தப் படத்துக்கு "நீஸ் நகரைப் பற்றி" என்று பெயர். சுமார் 25 நிமிஷம்; பேச்சுக் கிடையாது. ஒரு பக்கம் வெய்யில் காயும் சீமான்கள். மறு பக்கம் சந்து பொந்துகளில் ஏழைப் பிள்ளைகள். வெறுங்காலுக்கு ஒருவன் பாலிஷ் போடுவதாக ஒரு காட்சி! சீமான்களின் ஆடம்பரத்தைக் கேலி செய்ய இதைவிட என்ன பிரசங்கம் வேண்டும்?

பிறகு 1931ல் ஒரு நீச்சல்காரரைப் பற்றிப் 10 நிமிஷப் படம் ஒன்று எடுத்தார். 1933ல் எடுத்ததுதான் "நடத்தைக்குப் பூஜ்யம்" என்பது. சுமார் 44 நிமிஷம். விடுதிப் பள்ளிக்கூடத்தில் நடத்தைக்குப் பூஜ்யம் வாங்கினவன் ஞாயிற்றுக்கிழமையும் வெளியே போகக்கூடாது. அந்தப் பிள்ளைகள் ஒரு நாள் தலையணைகளைக் கிழித்து இறகு பறக்கவிட்டுக் கலகம் செய்கிறார்கள். பள்ளி விழாவன்று கூரைமேல் ஏறி, கீழே வீற்றிருக்கும் அதிகாரி, பாதிரி முதலிய பெரிய மனிதர்கள்மேல் பழஞ்சாமான்களை வீசுகிறார்கள். அப்பெரிய மனிதர் வரிசையில் சிலர் வெறும் பொம்மைகள்! இவ்வளவுதான் கதை. இதற்குப் பிரெஞ்சு சர்க்கார் என்ன செய்தது தெரியுமா? படத்தையே தடை செய்துவிட்டது. பட்டாளமும் பீரங்கியும் வைத்திருக்கும் ஒரு சர்க்கார், நாலு பிள்ளைகளின் தலையணை இறகுக்குப் பயந்தது, தோழர்களே! 1945 வரை அத்தடை நீங்கவில்லை.

கடைசிப் படம் "அத்தலாந்த்". படகில் வாழும் ஒரு புருஷன் பெண்சாதியின் கதை. அவர் எடுத்த முழுநீளப் படம் அது ஒன்றுதான். குளிரில் வேலை செய்து படுக்கையில் விழுந்தார். படம் வைத்திருந்தவர்கள் அதை வெட்டி, ஒரு பிரபல பாட்டின் பெயரைச் சூட்டி, 1934 செப்டம்பரில் வெளியிட்டார்கள். அக்டோபர் 5ந் தேதி விகோ இறந்தார். வயது 29.

இதைத்தான் தலைவிதி என்கிறார்கள். எந்த விதி? க்ஷயரோகக் கிருமியை 1882லேயே கோச் என்னும் ஜெர்மானியர் கண்டுபிடித்துக் காட்டிவிட்டார். அதைக் கொல்லும் ஸ்ட்ரெப்டோமைசின் என்ற மருந்து 1943ல், விகோ இறந்து 9 வருஷத்துக்குப் பிறகுதான், கண்டுபிடிக்கப்பட்டது. அவரைப் படுக்கையில் தள்ளியது கிருமியே ஒழிய எழுத்தல்ல. அதற்கு மருந்து கண்டது மனிதன் மூளையே ஒழிய யாதொரு பிரார்த்தனையும் அல்ல. படத்தைத் தடுத்ததும் வெட்டியதும் மனிதர்களே. மனிதன் செய்ததை மனிதன் மாற்றலாம். விதி என்று சொல்லிவிட்டால் யார்மேலும் குற்றமில்லை, யாருக்கும் வேலையுமில்லை!

நான்கு படங்களையும் சேர்த்துப் பார்த்தாலும் மூன்று மணி நேரம் ஆகாது. ஆனால் 1951 முதல் பிரான்சில், சுயேச்சையாகப் படம் எடுக்கும் இளைஞர்களுக்கு அவர் பெயரால் பரிசு கொடுத்து வருகிறார்கள். தடை போட்ட அதிகாரிகளின் பெயர் இன்று யாருக்கு ஞாபகமிருக்கிறது?

ஆகவே தோழர்களே, விகோவுக்குக் காமிரா வாங்க மாமனார் பணம் வேண்டியிருந்தது. இன்று உங்கள் சட்டைப்பையிலுள்ள கைபேசியிலேயே காமிரா இருக்கிறது. அதைக் கொண்டு கல்யாண ஊர்வலத்தையும், நம் முகத்தையுமே பிடித்துக்கொண்டிருப்பதா, அல்லது நம் தெருவில் யார் வெய்யில் காய்கிறான், யார் வெய்யிலில் சாகிறான் என்பதைப் பிடித்துக் காட்டுவதா? நீங்களே யோசித்துப் பாருங்கள் என்று கேட்டுக்கொண்டு என் பேச்சை முடித்துக்கொள்கிறேன்.