ஆபத்தில் கூப்பிடும் குரலும் ஏகபோக லாபமும்

(தொலைத்தொடர்பு ஊழியர் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவு)



தீப்பிடித்த கட்டிடத்துக்குள் நுழைகிற தீயணைப்பு வீரரிடம் தண்ணீர்க் குழாய் இருக்கும், கோடரி இருக்கும். தோளில் ஒரு சின்ன ரேடியோவும் இருக்கும். "கூரை சரிகிறது, வெளியே வா" என்று வாசலில் நிற்பவர் போடும் சத்தம் அந்த ரேடியோ வழியாகத்தான் அவர் காதில் விழ வேண்டும். அதைச் செய்து விற்கிறவர்களின் வியாபாரத்தைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

இந்தத் தொழிலில் முன்னணியில் நிற்பது மோட்டரோலா என்ற அமெரிக்கக் கம்பெனி. 1928-ல் சிக்காகோ நகரில் கால்வின் சகோதரர்கள் சிறிய அளவில் தொடங்கியது. 1930-ல் மோட்டார் காரில் வைக்கும் ரேடியோ செய்தார்கள். பெயர் அதிலிருந்து வந்தது. 1936-ல் போலீஸ் கார்களுக்கென்றே ஒரு ரேடியோ செய்தார்கள். ஸ்டேஷன் பேசுவதைக் காரில் இருப்பவர் கேட்கலாம். பதில் பேச முடியாது! அங்கிருந்து வளர்ந்து, 2011-ல் கம்பெனி இரண்டாகப் பிரிந்தது. செல்போன் வியாபாரம் ஒரு பக்கம் போயிற்று. போலீஸ், தீயணைப்பு, ஆம்புலன்ஸ் வாடிக்கைகள் மோட்டரோலா சொல்யூஷன்ஸ் என்ற பெயரில் தனியாக நின்றன. 2024-ல் அதன் விற்பனை சுமார் 1,080 கோடி டாலர்.

சரக்கு மட்டமென்று நான் சொல்லவில்லை. அதன் இன்ஜினீயர்களும் தொழிலாளர்களும் திறமைசாலிகள். ஆனால் கம்பெனி பணம் பண்ணுவது கைக்கருவியை விற்பதில் மட்டும் அல்ல. கருவியை ஒரு தடவைதான் விற்கலாம். அதற்குப் பின்னால் கோபுரங்கள், இணைப்பு நிலையங்கள், பராமரிப்பு, மென்பொருள் என்று வருஷா வருஷம் வரும் கட்டணம் இருக்கிறது. 2024 விற்பனையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் மென்பொருளும் சேவையும்தான். சாதாரண வியாபாரத்தில் விலை பிடிக்காவிட்டால் அடுத்த கடைக்குப் போகலாம். ஆம்புலன்ஸ்காரர் எந்தக் கடைக்குப் போவார்? ஒரு நிமிஷம் கூட அந்த இணைப்பு அறுந்திருக்க முடியாதே!

இதன் முழு உருவத்தையும் பிரிட்டனில் பார்க்கலாம்.

அங்கே 1987-ல் லண்டன் கிங்ஸ் கிராஸ் பாதாள ரயில் நிலையத்தில் தீப்பிடித்து 31 பேர் மாண்டார்கள். தரைக்கு அடியிலும் ரேடியோ கேட்க வேண்டும் என்று விசாரணையில் சொன்னார்கள். 2005 ஜூலை 7 அன்று அதே பாதாள ரயில்களில் குண்டு வெடித்தபோதும் பெரும்பாலான மீட்புப் படையினரின் ரேடியோ கீழே வேலை செய்யவில்லை. சேதி சொல்ல ஆட்கள் படியேறி ஓடினார்கள். பதினெட்டு வருஷம்! ரேடியோ என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு இதைச் சொன்னேன்.

பிரிட்டனின் மூன்று படைகளுக்கும் பொதுவான ரேடியோ வலையின் பெயர் ஏர்வேவ். 2000-ல் சர்க்கார் அதைத் தானே கட்டவில்லை. தனியார் மூலதனத் திட்டத்தில் காண்டிராக்ட் விட்டது. அது கைமாறிக் கைமாறி, 2007-ல் மக்குவாரி என்ற ஆஸ்திரேலிய நிதிக் கம்பெனியிடம் சுமார் 190 கோடி பவுனுக்குப் போயிற்று. 2016 பிப்ரவரியில் மோட்டரோலா அதை வாங்கியது. விலை? சுமார் 82 கோடி பவுன். ஏன் இவ்வளவு மலிவு என்று கேட்பீர்கள். ஏர்வேவை மூடிவிட்டு வேறொரு புதிய வலை அமைக்க சர்க்கார் முடிவு செய்திருந்தது. அணையப் போகிற விளக்குக்கு அந்த விலைதான் கிடைக்கும்.

இனிதான் வேடிக்கை. அந்தப் புதிய வலையின் முக்கியமான ஒரு காண்டிராக்ட் 2015 டிசம்பரில் யாருக்குக் கிடைத்திருந்தது? அதே மோட்டரோலாவுக்கு! பழையதன் சொந்தக்காரனும் அவன், புதியதைக் கட்டுகிறவனும் அவன். புதியது தாமதமாகும் ஒவ்வொரு வருஷமும் பழையதில் கட்டணம் ஓடிக்கொண்டிருக்கும். 2019-ல் முடியவேண்டியது 2022 என்றார்கள், பிறகு அதுவும் தள்ளிப்போயிற்று. வேண்டுமென்றே தாமதித்தார்கள் என்று நான் சொல்லவில்லை. செல்போன் வலை மேல் போலீஸ் ரேடியோவை ஏற்றுவது கஷ்டமான வேலைதான். ஆனால் அவசரப்பட அவர்களுக்கு என்ன காரணம் இருந்தது?

2021 அக்டோபரில் போட்டி மற்றும் சந்தை ஆணையம் விசாரணை தொடங்கியது. 2023 ஏப்ரலில் முடிவு வந்தது: போட்டி இருந்தால் கிடைத்திருக்கும் விலையைவிட வருஷத்துக்குச் சுமார் 20 கோடி பவுன் அதிகமாக இந்தக் கம்பெனியால் வசூலிக்க முடிகிறது. கணக்குப் போடுங்கள், தோழர்களே. அந்த அதிகப்படி மட்டுமே நான்கு வருஷத்தில் கிட்டத்தட்ட வாங்கிய விலைக்கு வந்துவிடும். கொடுப்பது யார்? வரி கட்டுகிற ஜனங்கள்.

"சர்க்கார் சம்மதித்துத்தானே கையெழுத்துப் போட்டது" என்று கம்பெனி வாதாடியது. வேறு வழியில்லாதவன் போடும் கையெழுத்துக்குச் சம்மதம் என்றா பெயர்? 2023 ஆகஸ்ட் முதல் கட்டணத்துக்கு உச்சவரம்பு வந்தது. கம்பெனி அப்பீல் செய்தது. அந்த டிசம்பரில் அப்பீல் மன்றம் தள்ளுபடி செய்தது.

புதிய வலையின் கதியையும் கேளுங்கள். 2022 டிசம்பரில் அந்தக் காண்டிராக்டிலிருந்து மோட்டரோலா விலகியது. விலகியதற்குச் சர்க்கார் கொடுத்தது 4½ கோடி பவுன். அதற்குள் திட்டத்துக்குச் சுமார் 200 கோடி பவுன் செலவாகியிருந்தது. மோட்டரோலா விட்ட வேலை பிறகு ஐ.பி.எம். கம்பெனியிடம் போயிற்று. சுமார் மூன்று லட்சம் பேர் பயன்படுத்துவதற்கான வலை அது, இன்னும் வரவில்லை. இன்றிரவு லண்டனில் தீப்பிடித்தாலும் வீரர்கள் கூப்பிட வேண்டியது அந்தப் பழைய ஏர்வேவில்தான்.