கஜேந்திரன் கால்விலங்கு

(யானைமலைக் குடைவரைக் கோயில்களுக்கு ஒருநாள் திருத்தலப் பயணம் புறப்பட்ட அடியார் குழுவினரிடையே, பயணத்தின் முதல்நாள் மாலை மதுரை கோரிப்பாளையத்தில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

 

நாளை காலை நீங்கள் எல்லீரும் வைகையின் வடகரையாகிய இக்கோரிப்பாளையத்திலிருந்து புறப்பட்டு, மேலூர்ச் சாலை வழியே ஒத்தக்கடை சென்று, யானைமலை அடிவாரத்தில் நரசிங்கப் பெருமாளையும், அருகே லாடன் கோயில் குடைவரையில் எழுந்தருளியுள்ள முருகப் பெருமானையும் வழிபட இருக்கின்றீர்கள். வழிகாட்டியாக உடன்வர வேண்டும் என்று அடியேனை அழைத்தீர்கள். எழுபதைக் கடந்த கால்கள், ஆயினும் வருகின்றேன். புறப்படுமுன் யானையைப் பற்றிச் சில சொற்கள் சொல்ல விரும்புகின்றேன். யானைமலைக்குப் போகின்றவர் யானையை நினையாமல் போகலாமா?

சில ஆண்டுகளுக்கு முன்னர் கோலாலம்பூரில் வாழும் என் மகள் வீட்டிற்குச் சென்றிருந்தேன். அங்கே பயண நிறுவனத்தார் சுற்றுலாப் பயணியரை ஒரே நாளில் இரண்டு இடங்களுக்கு அழைத்துச் செல்கின்றனர். காலையில் பத்துமலைக் குகைக்கோயில். பிற்பகலில் குவாலா கண்டா யானைகள் பாதுகாப்பு மையம். குகைக்கும் யானைக்கும் என்ன உறவு என்று வியந்தவாறே பேர்த்தியின் கைபற்றி வண்டியில் ஏறினேன்.

பத்துமலை

பத்துமலையைப் பற்றி நீங்கள் அறிவீர்கள். கோலாலம்பூர் மகா மாரியம்மன் திருக்கோயிலை நிறுவிய குடும்பத்தவராகிய தம்புசாமிப் பிள்ளை அவர்கள், அக்குகையின் வாயில் வேலின் வடிவில் இருக்கக் கண்டு உளம் உருகி, அங்கே முருகப் பெருமானுக்கு இடம் அமைத்தார். 1892 முதல் அங்குத் தைப்பூசம் கொண்டாடப்பெறுகின்றது. 2006-ஆம் ஆண்டு 140 அடி உயரமுள்ள முருகன் திருவுருவம் மலையடியில் எழுந்தது. 272 படிகள். நான் ஏழு இடங்களில் அமர்ந்து எழுந்து ஏறினேன். மேலே சென்றால் வானளாவிய சுண்ணாம்புப் பாறைக் குகை. உச்சியில் உள்ள திறப்பின் வழியே ஒளி இறங்கி வருகின்றது. அந்தக் குகையைக் குடைந்தவர் எவரும் இலர். இயற்கை தந்ததைத் தமிழர் வணங்கினர்.

அங்கே நின்றபோது ஓர் எண்ணம் எழுந்தது. காவடி சுமந்து அப்படியேறிய முன்னோர் யாவர்? நம் தமிழ் நாட்டிலிருந்து கப்பலேறிச் சென்று, காடு வெட்டி, இரப்பர்த் தோட்டம் இட்ட தொழிலாளர்கள். ஊரையும் உறவையும் இழந்தவர்களுக்கு அக்குகை புகலிடம் ஆயிற்று. அவர்கள் வெட்டிய காட்டில் வாழ்ந்த உயிர்களுக்கு எது புகலிடம்? இக்கேள்விக்கு விடை பிற்பகலில் கிடைத்தது.

குவாலா கண்டா

அங்கிருந்து ஏறத்தாழ இரண்டு மணி நேரப் பயணம். பகாங் மாநிலத்தில், காட்டின் விளிம்பில், ஓர் ஆற்றங்கரையில் அம்மையம் இருக்கின்றது. காடுகள் இரப்பர்த் தோட்டங்களாகவும் பின்னர்ச் செம்பனைத் தோட்டங்களாகவும் மாறியபோது, யானைகள் தம் பழைய வழித்தடத்திலேயே நடந்து தோட்டத்துள் புகுந்தன. மனிதர் அதனை அழிவு என்றனர். யானைகள் பல சுட்டுக் கொல்லப்பட்டன. இதனைத் தவிர்க்க மலேசிய வனவிலங்குத் துறையினர் 1974-ஆம் ஆண்டு யானைகளை இடம்பெயர்க்கும் குழுவொன்றை அமைத்தனர். 1989-ஆம் ஆண்டு குவாலா கண்டா மையம் தோன்றியது.

தோட்டத்துள் புகுந்த காட்டு யானைக்கு மயக்க ஊசி செலுத்துவர். பின்னர்ப் பழக்கப்பட்ட இரண்டு யானைகளை இருபுறமும் நிறுத்தி, அவற்றின் துணையோடு அதனை வண்டியில் ஏற்றித் தாமான் நெகாரா போன்ற பெருங்காடுகளில் கொண்டு விடுவர். இவ்வுதவி யானைகளை நம் நாட்டில் கும்கி என்கின்றோம். தாயை இழந்த கன்றுகளும் அம்மையத்தில் வளர்க்கப்பெறுகின்றன. அங்குள்ளவை யாவும் கட்டற்றுத் திரியும் யானைகள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அவை ஆற்றில் நெடுநேரம் கிடந்து நீராடக் கண்டேன். மண்ணில் நிற்கக் கண்டேன்; ஒன்றோடொன்று துதிக்கை பின்னி நிற்கக் கண்டேன்.

என் பேர்த்தி அப்போது ஒன்று கேட்டாள்: "தாத்தா, நம்ம ஊர் யானை ஆடிக்கிட்டே நிக்குமே, இந்த யானையெல்லாம் ஏன் ஆடலை?"

அவ்வினாவை அங்கிருந்த தமிழ்ப் பணியாளர் ஒருவரிடம் கேட்டேன். அவர் சிறிது தயங்கிவிட்டுச் சொன்னார்: "ஐயா, யானை நின்ற இடத்திலேயே கால் மாற்றி மாற்றித் தலையை அசைத்துக்கொண்டிருந்தால், அது மகிழ்ச்சி இல்லைங்க. நெடுங்காலம் தனியாகக் கட்டிக்கிடந்த யானைதான் அப்படிச் செய்யும்."

அன்பர்களே, நான் பல்லாண்டு தமிழாசிரியனாகப் பணியாற்றியவன். ஒரு திருக்கோயில் வாயிலில் கருங்கல் தளத்தின்மீது நின்று அசைந்தாடிய யானையை எத்தனையோ மாணவர்க்குக் காட்டி, "பாருங்கள், இறைவன் திருமுன் யானையும் ஆனந்தக் கூத்தாடுகின்றது" என்று சொல்லியிருக்கின்றேன். அதன் துதிக்கையில் காசு வைத்துத் தலையில் ஆசி பெற்றிருக்கின்றேன். அதன் காலை மட்டும் நான் பார்த்ததில்லை. நூல்களில் யானைக்குக் களிறு, பிடி, வேழம், வாரணம், உம்பல், கைம்மா என்று எத்தனை பெயர் என்று அடுக்கிச் சொல்லத் தெரிந்த எனக்கு, கண்முன் நின்ற யானையின் துயரம் தெரியவில்லை. அன்று இரவு எனக்கு உறக்கம் வரவில்லை.

கந்து என்னும் சொல்

தமிழில் கந்து என்றொரு பழஞ்சொல் உண்டு. யானையைக் கட்டும் தறிக்கும் கந்து என்று பெயர். சங்கச் சான்றோர் காலத்தில் இறைவன் உறைவதாக வணங்கப்பெற்ற தூணுக்கும் அதுவே பெயர். ஒரே சொல், இரண்டு பொருள். யானை கட்டுண்ட இடத்தில் இறைவனும் நிற்கின்றான் என்று நான் இதனைக் கொள்கின்றேன். அத்தூணை வணங்குகின்றவர், அதில் கட்டுண்ட உயிரையும் நோக்க வேண்டாமா?

நாளை நீங்கள் காணப்போகும் மலைக்கு வருகின்றேன். அம்மலையின் குகைத்தளத்தில் சற்றேறக்குறைய 2000 ஆண்டுப் பழமையுடைய தமிழிக் கல்வெட்டு ஒன்று உள்ளது. அதில் அம்மலை இவகுன்றம் என்று குறிக்கப்பெறுகின்றது. இபம் என்றால் யானை. அக்காலத்திலிருந்தே அது யானைக்குன்றம். மதுரையை அழிக்க ஏவப்பட்ட யானையைச் சோமசுந்தரப் பெருமான் அம்பெய்து வீழ்த்த, அதுவே மலையாயிற்று என்று திருவிளையாடற் புராணத்து யானை எய்த படலம் கூறும். அதே புராணம், சித்தர் வடிவில் வந்த பெருமான் கல்லானைக்குக் கரும்பு ஊட்டிய படலத்தையும் கூறும். கல்யானைக்கும் பசி உண்டென்று கருதிய ஊர் நம் மதுரை.

நரசிங்கப் பெருமாள் குடைவரையைக் குடைவித்தவன், பாண்டியன் நெடுஞ்சடையன் பராந்தகனின் அமைச்சனாகிய மாறன் காரி. கலியாண்டு 3871, அதாவது கி.பி. 770 என்று கல்வெட்டு உரைக்கின்றது. கோயிலைக் குடைந்து முடித்தும், நீர் தெளித்துத் திருநிலைப்படுத்துமுன் அவன் விண்ணுலகு எய்தினான். அவனுக்குப் பின் அப்பதவிக்கு வந்த தம்பி மாறன் எயினன், முகமண்டபம் எடுத்து, திருநிலைப்படுத்தி, அண்ணன் தொடங்கியதை முடித்து வைத்தான். கல்வெட்டைக் காணும்போது இவ்விருவரையும் நினைத்துக்கொள்ளுங்கள். இவர்களிடம் பிறகு மீண்டும் வருவேன்.

அத்தலத்தில் மாசித் திங்களில் திருமோகூர்க் காளமேகப் பெருமாள் எழுந்தருள, கஜேந்திர மோட்ச விழா நடைபெறும். முதலை காலைக் கவ்வியபோது, கஜேந்திரன் ஆதிமூலமே என்று அழைத்தான். பெருமாள் விரைந்து வந்தார். வந்தவர் என்ன செய்தார்? யானையின் பிடிபட்ட காலை விடுவித்தார். அதுவே அருள். காலை விடுவிப்பதற்காகவே கருடன்மீது ஏறி ஓடோடி வந்த பெருமானை வணங்கும் நாம், யானையின் காலைப் பாராமல் துதிக்கையை மட்டும் பார்ப்பது முறையாகுமா?

பெரியோர் தொடங்கிய பணி

இத்துறையில் நல்லன நடவாமல் இல்லை. 1992-ஆம் ஆண்டு மைய அரசு யானைத் திட்டத்தைத் தொடங்கியது. 2003-ஆம் ஆண்டு தமிழக அரசு முதுமலையில் திருக்கோயில் யானைகளுக்கான புத்துணர்வு முகாமை முதன்முதலாக நடத்தியது. பின்னர் மேட்டுப்பாளையத்தை அடுத்த தேக்கம்பட்டியிலும் பல ஆண்டுகள் அம்முகாம் நடைபெற்றது. ஆண்டு முழுதும் தனித்து நின்ற யானைகள் அங்கே ஒன்றையொன்று கண்டு பிளிறி மகிழ்ந்த செய்தியை நாளேடுகளில் படித்திருப்பீர்கள். 2011-ஆம் ஆண்டு, வளர்ப்பு யானைகளின் உணவு, இருப்பிடம், மருத்துவம் ஆகியவற்றுக்குத் தனி விதிகள் வந்தன. நம் முதுமலைத் தெப்பக்காட்டு முகாமில் தாயற்ற கன்றுகளை வளர்த்த கதை, 2023-இல் ஆஸ்கர் விருது பெற்ற ஆவணப்படமாகி உலகறிந்தது. அதே ஆண்டில், திருக்கோயில்களோ தனியாரோ இனிப் புதிதாக யானை வாங்கலாகாது என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை வழிகாட்டியது.

ஆயினும் துயரங்களும் நிகழ்ந்தன. 2020-ஆம் ஆண்டு திருப்பரங்குன்றத்தில் யானை தாக்கிப் பாகர் ஒருவர் உயிர் நீத்தார். 2024-ஆம் ஆண்டு குன்றக்குடியில் கொட்டகை தீப்பற்றித் திருக்கோயில் யானை மாண்டது. பாகரையும் இழந்தோம், யானையையும் இழந்தோம். பாகர் வேறு, யானை வேறு அல்லர். ஒருவர் துன்புற்றால் மற்றவர்க்கு நலமில்லை.

காட்டில் என்ன நிலை? 2024-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் தமிழகக் காடுகளில் 3,063 யானைகள் வாழ்வதாகக் கண்டறியப்பட்டது. யானை நாளொன்றுக்கு ஏறத்தாழ 150 கிலோ உணவு உண்பது. பிடி கருவுற்று ஒரு கன்றை ஈன இருபது மாதங்களுக்கு மேல் ஆகும். உண்ட கனியின் விதைகளை நெடுந்தொலைவு கொண்டுசென்று சாணத்தோடு இட்டு, மரம் வளர்க்கும் உழவன் அது. நம் வைகை பிறக்கும் மேகமலை, வருசநாட்டு மலைகளும் யானை நடமாடும் காடுகளே. ஸ்ரீவில்லிபுத்தூர் – மேகமலைப் பகுதி 2021-ஆம் ஆண்டு புலிகள் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. அக்காடு செழித்தால் வைகை செழிக்கும். வைகையில் நீர் இருந்தால்தான் இக்கோரிப்பாளையத்துக் கரையில் நின்று அழகர் ஆற்றில் இறங்கும் காட்சியைக் குளிர்ந்த கண்களால் காணலாம். யானை காப்பது நமக்குத் தொடர்பில்லாத வேலை அன்று.

நாம் செய்யத்தக்கவை

பெரிய செயல்களை அரசும் அறங்காவலரும் செய்வர். அடியார்கள் செய்யத்தக்கன சிலவுண்டு. திருக்கோயிலில் யானையைக் கண்டால் காசு கொடுத்து ஆசி வேண்டாதீர்கள், நின்று கைகூப்புங்கள். கனி கொடுக்க விரும்பினால் பாகரிடம் கேட்டு, அவர் இசைந்தால் அவர் கையில் கொடுங்கள். இனிப்பும் சோற்று உருண்டையும் நம் விருப்பம்போல் ஊட்டலாகாது. அருகில் நின்று கூச்சலிடுதல், வால்மயிர் கேட்டல் ஆகியன வேண்டா. யானை ஓய்வில் இருக்கின்றது என்று சொன்னால், இன்று தரிசனம் கிடைக்கவில்லையே என்று வருந்தாமல், அது உறங்குகின்றதே என்று மகிழுங்கள். மலைத்தலங்களுக்குச் செல்லும்போது நெகிழிப் பைகளைக் காட்டில் எறியாதீர்கள். உப்பும் உணவும் ஒட்டிய பையை யானை விழுங்கிவிடும்.

நிறைவாக, மாறன் காரியை மறவாதீர்கள். தாம் தொடங்கியதைத் தாமே முடிக்கும் பேறு எல்லார்க்கும் வாய்ப்பதில்லை. என் தலைமுறையினர் யானையை நேசித்தோம், அறியாமையோடு நேசித்தோம். அறிந்து நேசிக்கும் கடமை இங்கு அமர்ந்திருக்கும் இளையோருக்கு. அண்ணன் விட்ட பணியைத் தம்பி முடித்தான் என்று கல்லில் எழுதியிருக்கின்றது. நாளை அக்கல்லின் முன் நின்று, நீங்களும் மாறன் எயினனாக ஆவோம் என்று உள்ளத்தில் உறுதி கொள்ளுங்கள்.

வண்டி காலை ஆறு மணிக்குப் புறப்படும். நரசிங்கப் பெருமாள் திருவருளும் அன்னை மீனாட்சியின் கருணையும் அனைவர்க்கும் வாய்ப்பதாக.