விமானத்துக்குக் கிடைத்த அவகாசம்

(திருப்பாலைவனத்தில் மாணவர்களும் இளைஞர்களும் கூடிய அரங்கில் பேசியதன் எழுத்து வடிவம்)



கவிதை பற்றிப் பேசச் சொல்லித்தான் கூப்பிட்டார்கள். நான் போர் விமானம் பற்றிப் பேசப் போகிறேன். சிரிக்காதீங்க. இந்த ஏரிக்கரை ஆளுக்கு ஆகாயம் அந்நியமில்லை. எதிரே ஸ்ரீஹரிகோட்டா. ராக்கெட் ஏறுகிற நாளில் கடலுக்குப் போகாதே என்று உத்தரவு வரும். தொழில் போகும், ஜன்னல் அதிரும், மறுநாள் பேப்பரில் சாதனை என்று படிப்போம். அதனால் வானத்தில் பறக்கிற எதைப் பார்த்தாலும் நமக்கு இரண்டு கேள்வி இருக்கணும். இதைச் செய்யக் கற்றுக்கொண்டது யார்? கற்றுக்கொள்ள அவர்களுக்கு எத்தனை வருஷம் கொடுத்தாங்க?

தேஜஸ் என்கிற இலகு ரகப் போர் விமானத்தை எடுத்துக்கொள்வோம். 1983-ல் மத்திய அரசு 560 கோடி ரூபாயோடு ஒப்புதல் கொடுத்தது. 1984-ல் வடிவமைப்புக்கென்று பெங்களூரில் ஒரு முகமை அமைத்தார்கள். முதன்முதலாகப் பறந்தது 2001 ஜனவரி 4. பதினெட்டாம் வருஷம். விமானப்படையில் முதல் அணி அமைந்தது 2016 ஜூலை 1. கணக்குப் போட்டால் 33 வருஷம். 1983-ல் பிறந்த குழந்தைக்குக் கல்யாணமாகி, அதன் பிள்ளையும் பள்ளிக்கூடம் போயிருக்கும்.

இதற்கு முன்னாடி கதை ஒன்று இருக்கிறது. ஹிட்லர் காலத்து ஜெர்மனியில் ஃபோக்கெ-வுல்ஃப் 190 என்ற போர் விமானத்தை வடிவமைத்தவர் குர்ட் டாங்க். 1956-ல் அவரைக் கூட்டிவந்து பெங்களூர் இந்துஸ்தான் விமானத் தொழிற்சாலையில் உட்கார வைத்தார்கள். அவர் தலைமையில் உருவான மாருத் 1961 ஜூன் 17-ல் பறந்தது. ஒலியை மிஞ்சுகிற வேகத்துக்காக வடிவமைத்தது. நினைத்த எஞ்சின் கிடைக்கவில்லை, கிடைத்த எஞ்சினுக்கு அந்தச் சக்தி இல்லை. ஆனாலும் 147 விமானம் செய்தார்கள். 1971 யுத்தத்தில் ஓட்டினார்கள். அதற்கப்புறம்? புதுசாக வடிவமைக்கிற அடுத்த போர் விமானத்துக்கு ஒப்புதல் வந்தது 1983-லதான். இடையில் கற்றவர்கள் ஓய்வு பெற்றுப் போனார்கள், பழகிய கை விட்டுப்போனது. பத்தாவதோடு நின்றுபோன பிள்ளையைத் திரும்பப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தால் என்ன பாடோ, அதே பாடு தேஜஸ் செய்ய உட்கார்ந்தவர்களுக்கும்.

அவர்கள் உழைப்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. தேஜஸ் அமைப்பிலேயே நிலையில்லாத விமானம். அப்படி இருந்தால்தான் சட்டென்று திரும்பும். ஆனால் மனுஷன் கையால் அதை நேராக வைத்திருக்க முடியாது. தோணி ஆட்டத்துக்கு ஏற்ப உங்க கால் தானாக அழுந்துகிற மாதிரி, கணினிதான் நொடிக்குப் பலமுறை அதைச் சரிசெய்யணும். அந்தக் கட்டுப்பாட்டு வேலையை அமெரிக்க நிறுவனத்தோடு சேர்ந்து செய்துகொண்டிருந்தார்கள். 1998 மே மாதம் பொக்ரானில் அணுகுண்டு வெடித்தார்கள். அமெரிக்கா தடை போட்டு நம் பொறியாளர்களை வெளியே அனுப்பியது. மிச்ச வேலையை இங்கேயே முடித்து 2001-ல் பறக்க விட்டார்கள். கதவைச் சாத்தினால் கற்றுக்கொள்ள முடியாது என்பதில்லை. கூலியும் கருவியும் காலமும் இருந்தால் கற்றுக்கொள்ளலாம்.

அடுத்தது எஞ்சின். நம்ம ஆற்றின் பெயரையே வைத்து 'காவேரி' என்றார்கள். 1989-ல் 382 கோடி ரூபாய் ஒப்புதல். பிறகு மதிப்பீடு 2,839 கோடிக்குப் போனது. எஞ்சினுக்குள் சுழல்கிற தகடுகள், அந்த உலோகமே உருகிப்போகிற சூட்டைவிட அதிகமான சூட்டில் நின்று வேலை செய்யணும். உலகத்தில் சில நாடுகளுக்கே கைவந்த வித்தை. காவேரிக்கு வேண்டிய உந்துவிசை வரவில்லை. 2008-ல் தேஜஸிலிருந்து அதைப் பிரித்துவிட்டார்கள். தேஜஸ் அமெரிக்க எஞ்சினில் பறக்கிறது.

2021 பிப்ரவரியில் மேம்படுத்திய தேஜஸ் 83-க்குச் சுமார் 48,000 கோடி ரூபாயில் ஒப்பந்தம் போட்டார்கள். 2024 மார்ச்சில் ஒப்படைப்பு தொடங்கியிருக்கணும். தொடங்கவில்லை. அமெரிக்காவிலிருந்து முதல் எஞ்சினே 2025 மார்ச்சில்தான் வந்தது. அந்த 83-ல் ஒன்றுகூடக் கைக்கு வராத நிலையில், 2025 செப்டம்பரில் இன்னும் 97 விமானத்துக்கு 62,370 கோடி ரூபாயில் ஒப்பந்தம் போட்டார்கள். தாமதமானவனுக்கு மறு வாய்ப்பு. இந்தப் பொறுமைக்கும் விலை இருந்தது. 1963-ல் வந்த மிக்-21 விமானத்தை 2025 செப்டம்பர் வரை ஓட்ட வேண்டியிருந்தது. விழுந்த மிக்-21களில் எத்தனையோ இளம் விமானிகள் செத்தார்கள். 2025 நவம்பரில் துபாய் கண்காட்சியில் தேஜஸே விழுந்து விமானி இறந்தார். அதற்காக யாரும் திட்டத்தை மூடு என்று சொல்லவில்லை.

போர் விமானமே வேண்டாம், அந்தக் காசில் பள்ளிக்கூடம் கட்டு என்கிற தோழர்கள் இங்கே இருப்பீர்கள். அந்த விவாதம் தேவை, தனியாக வைத்துக்கொள்வோம். இன்றைக்கு நான் கேட்பது வேறு. ஒரு விமானம் கற்றுக்கொள்ள 33 வருஷம் கொடுத்த இந்த தேசம், நம் வீட்டுப் பிள்ளைக்கு எத்தனை நாள் கொடுக்கிறது?

நான் வங்கிக் கிளார்க். எனக்குத் தெரிந்த கணக்கைச் சொல்கிறேன். கல்விக் கடன் வாங்குகிற பிள்ளைக்கு, வங்கிகளின் மாதிரித் திட்டப்படி, படிப்பு முடிந்து 1 வருஷம் அவகாசம். அதற்கப்புறம் தவணை ஆரம்பம். தவணை தவறி 90 நாள் தாண்டினால் கணக்கு வராக்கடன். கடிதம் போகும், ஆள் போவார், அப்பன் பெயரும் சேர்ந்து கெடும். காலனியிலிருந்து முதல்முதலாக பி.இ. சேர்ந்த பையன் இரண்டு அரியர் வைத்திருந்தான் என்றால், 'இவனுங்களுக்கு எதுக்கு இன்ஜினியரிங்?' என்கிற பேச்சு கவுண்டருக்கு அந்தப் பக்கமும் கேட்கும், இந்தப் பக்கமும் கேட்கும். காவேரி எஞ்சின் வைத்த அரியரைப் பற்றி அதே வாய் என்ன சொல்லும்? 'தொழில்நுட்பம் அப்படி, நாளாகும் சார்.' விமானத்துக்கு என்றால் அனுபவம், நமக்கு என்றால் தகுதியின்மை.

உடனே சொல்வாங்க: அப்துல் கலாம் வரலையா? ராமேஸ்வரத்துத் தோணிக்காரர் மகன் விமானப் பொறியியல் படிக்கலையா? படித்தார். குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் சேரப் பணமில்லாமல் அக்கா நகையை அடகு வைத்ததை அவரே எழுதியிருக்கிறார். ஒரு பிள்ளை விமானம் படிக்க ஒரு பெண் கழுத்துக் கழற்றிக் கொடுக்கணும் என்பது அந்த அக்காவுக்குப் பெருமை, அரசுக்கு இல்லை. அடகு வைக்க நகையே இல்லாத அக்காவின் தம்பி என்ன செய்வான்?

இதை அம்பேத்கர் அன்றைக்கே பார்த்தார். இந்துஸ்தான் விமானத் தொழிற்சாலை 1940-ல் தொடங்கியது. 1942 ஏப்ரலில் அரசு அதன் நிர்வாகத்தைக் கையில் எடுத்தது. அதே 1942 அக்டோபரில் அம்பேத்கர் வைசிராயிடம் ஒரு மனுக் கொடுத்தார். நம் மாணவர்கள் அறிவியலும் தொழில்நுட்பமும் படிக்க உதவித்தொகை கேட்டார். அந்தப் படிப்புகளின் செலவு நம்மவர் சக்திக்கு மீறியது என்பது அவர் வாதம். சுதந்திர இந்தியா என்ன செய்தது? 1975 ஜூன் 23 தேதியிட்ட மத்திய அரசுக் குறிப்பாணை ஒன்று இருக்கிறது. ஆராய்ச்சி செய்கிற, ஆராய்ச்சியை வழிநடத்துகிற அறிவியல் தொழில்நுட்பப் பதவிகளில், 'ஏ' பிரிவின் கடைசிப் படிக்கு மேலே உள்ளவற்றுக்கு இடஒதுக்கீட்டிலிருந்து விலக்கு அளிக்கலாம் என்கிறது. வாசல்வரைக்கும் வா, வரைபட மேசைக்கு வராதே.

இந்த ஏரியிலேயே இதைப் பார்த்திருக்கிறோம். பாடு முறையில் சீட்டுக் குலுக்கித்தான் மீன்பிடி இடம் பிரிப்பார்கள். குலுக்கலில் தப்பில்லை. ஆனால் தலைக்கட்டுக்கு உரிமை உள்ளவன் பெயர்தான் சீட்டில் ஏறும் என்பதே வழிவழி வந்த வழக்கம். தலித்தும் இருளரும் சேற்றில் இறங்கிக் கையால் இறால் தடவினார்கள். அப்புறம், 'அவனுக்கு வலை போடத் தெரியாது' என்பார்கள். வலையைத் தொட விடாமல் வலை தெரியாது என்பதும், மேசைக்கு வர விடாமல் திறமை இல்லை என்பதும் ஒரே பேச்சுதான்.

இப்போது வேலை இடம் மாறுகிறது. தேஜஸின் இறக்கையைக் கோவையில் ஒரு தனியார் நிறுவனம் செய்து 2025-ல் கொடுத்தது. நடு உடல், பின் உடல் வேலையும் தனியார் கைக்குப் போகிறது. 2018-ல் அறிவித்த தமிழ்நாடு பாதுகாப்புத் தொழில் வழித்தடத்தில் சென்னை, கோவை, ஓசூர், சேலம், திருச்சி இருக்கின்றன. பொதுத்துறையில் இருந்த இடஒதுக்கீடு தனியார் வாசலில் செருப்பைப் போல வெளியே நிற்கிறது.

ஒரு சந்து இருக்கிறது, அதை எழுதிக்கொள்ளுங்கள். 1961-ஆம் வருஷத்துத் தொழில் பழகுநர் சட்டம், பிரிவு 3ஏ. 1973-ல் திருத்தம் செய்து சேர்த்தது. குறிப்பிட்ட தொழில்களில் பழகுநர் எடுக்கிற முதலாளி, பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் பயிற்சி இடம் ஒதுக்கணும். தனியார் முதலாளிக்கும் அது பொருந்தும். ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர், டர்னர், வெல்டர் படிக்கிற பிள்ளைகள் இந்த அரங்கிலேயே இருக்கிறீர்கள். இறக்கைக்கு ஆணி அடிக்கிற இடத்தில் எத்தனை பழகுநர், அதில் நம்மவர் எத்தனை பேர் என்று கேட்டு எழுதுங்கள். அரசு அலுவலகத்துக்குத் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்கள். பதில் வராவிட்டால் மேல்முறையீடு போடுங்கள். மனு எழுதத் தெரியாது என்றால் என்னிடம் வாங்க, கவிதையை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

அரியர் வைத்த தம்பிக்கு ஒரு வார்த்தை. இந்த நாட்டின் போர் விமானமே 33 வருஷம் எடுத்துக்கொண்டது. நீ அடுத்த நவம்பரில் எழுது. கட்டணம் கட்ட முடியாவிட்டால் இங்கே உட்கார்ந்திருக்கிற நாங்கள் பிரித்துக் கட்டுவோம்.