தரங்கம்பாடிச் சின்ன எருசலேம்

சக்குபள்ளத்திலும் ஆனக்கரையிலும் ஏலக்காய் தரம் பிரித்துக்கொண்டே கேட்கிறவர்களே, இன்று உங்களை மலையிறக்கிக் கடற்கரைக்குக் கூட்டிப்போகிறேன்.

நார்வே பக்கத்துக் கடலோரச் சிற்றூர்களில் லுத்தரன் சபையார் மரத்தாலேயே கோயில் கட்டினார்கள். அங்கே காடு அருகில். நம் உப்புக்காற்றுக்கும் கறையானுக்கும் அது சரிப்படுமா? ஆனால் சிறிய கோயில், மீனவர் ஊர், பக்கத்திலேயே அலை என்றால் நம்மிடமும் ஒன்று இருந்தது, தரங்கம்பாடியில்.

டென்மார்க் அரசர் நான்காம் பிரெடரிக் அனுப்பிய மிஷனெரிகள் சீகன்பால்கும் புளூட்சோவும் 1706 ஜூலை 9 அன்று அங்கே வந்து சேர்ந்தார்கள். மறு வருஷமே, 1707 ஆகஸ்ட் 14 அன்று, எருசலேம் என்ற சின்னக் கோயிலைப் பிரதிஷ்டை செய்துவிட்டார்கள். அங்கிருந்த டேனிஷ்காரர்களுக்குச் சீயோன் கோயில் 1701 முதலே இருந்தது. இது நம் ஜனங்களுக்கு. பிரசங்கம் தமிழிலும் போர்த்துக்கீசிலும்.

கோயில் என்று ஆரம்பித்தாலும் என் மனசு அச்சுக்கூடத்துக்கே ஓடுகிறது. நான் ஈய எழுத்துக் கோத்துப் பிழைத்தவன், பொறுத்துக்கொள்ளுங்கள். கிறிஸ்தவக் கல்யாணப் பத்திரிகை வந்தாலே எங்களுக்குக் கிலி. 'இயேசு கிறிஸ்துவுக்குள்' என்று நாலு இடத்தில் வரும். எழுத்துப் பெட்டியான கேஸில் 'ஸ்' தீர்ந்துபோகும். பக்கத்து அச்சகத்தில் போய் ஒரு கை 'ஸ்' கடன் கேட்டிருக்கிறேன்! அழைப்பிதழுக்கே இந்தப் பாடு. தரங்கம்பாடியில் புதிய ஏற்பாடு முழுவதையும் தமிழில் கோத்தவர்கள் என்ன பட்டிருப்பார்கள்?

ஜெர்மனியில் ஹாலே நகரத்தில் வார்த்த தமிழ் எழுத்துகள் 1713இல் தரங்கம்பாடிக்குக் கப்பலில் வந்தன. பார்த்தால் ஒவ்வொன்றும் பெரிசு பெரிசு. காகிதம் எப்படிக் கட்டுபடியாகும்? உள்ளூரிலேயே சின்ன எழுத்து வார்த்தார்கள். சீமையிலிருந்து வந்த பாலாடைக்கட்டிப் பெட்டிகளின் ஈயத்தை உருக்கினார்கள் என்று சொல்வார்கள். நான் நம்புகிறேன். தேய்ந்த எழுத்தை எடைக்குப் போட்டுப் புது எழுத்து வாங்கிய எவனும் நம்புவான். ஈயத்தை யாராவது தூக்கிப் போடுவார்களா? நற்செய்திகளும் அப்போஸ்தலர் நடபடிகளும் 1714இல் முடிந்தன, மீதி 1715இல்.

மணியைப் பார்க்கிறேன், நேரம் நெருங்குகிறது. கோயிலுக்கே திரும்புகிறேன். அந்த முதல் கோயிலைக் கடல் கொண்டுபோனது. கொஞ்சம் உள்ளே தள்ளி, சிலுவை வடிவில், கனமான சுவரெழுப்பிக் கட்டிய புது எருசலேம் கோயில் 1718 அக்டோபர் 11 அன்று பிரதிஷ்டையானது. அடுத்த பிப்ரவரி 23 அன்று சீகன்பால்கு இறந்தார், வயது 36தான். அதே கோயிலுக்குள் அடக்கம். 1733இல் ஆரோன் என்ற தமிழர் தரங்கம்பாடியில் குருப்பட்டம் பெற்றார். அவர் கதைக்குத் தனியாக ஒரு நாள் வேண்டும்.

இங்கிருந்து வருஷா வருஷம் வேளாங்கண்ணிக்குப் போகிறீர்களே, அடுத்த முறை காரைக்காலைத் தாண்டி வடக்கே கொஞ்ச தூரம் போய்வாருங்கள். தரங்கம்பாடி ராஜ வீதியில், முகப்பில் கிரீடம் பொறித்த அந்தக் கோயில். ஞாயிற்றுக்கிழமை என்றால் தமிழ் ஆராதனையும் கேட்கலாம்.